ஓய்வு பெற அனுமதியில்லை!

தண்ணீருக்கு மேலே ஒரு கை மட்டும் தெரிந்தது.

நீலக் கை!

முழங்கை வரை நீலம். நகக்கண்ணில் நீலம். விரலில் கிடந்த மெல்லிய மோதிரத்தில்கூட நீலம்!

ஆடு தேடி வந்த ஆள் எட்டிப் பார்த்தார். அலறினார். செருப்பை அங்கேயே விட்டுவிட்டு ஓடினார்.

குன்னத்தூரிலிருந்து ஏழு கிலோமீட்டர் தள்ளி, காரைப்பள்ளம் கிராமம். மக்காச்சோளக் காட்டை ஒட்டி, இரண்டு வருடமாக சீல் வைத்துக் கிடந்த சாயப்பட்டறை. அதன் பின்பக்கத்தில் கழிவுத் தொட்டி. பத்தடி ஆழம்.

திங்கட்கிழமை காலை பத்தரை மணிக்கு, தீயணைப்பு ஆட்கள் கயிறு போட்டு அவளை மேலே எடுத்தார்கள்.

பிரிசில்லா. வயது முப்பத்தெட்டு. காரைப்பள்ளத்தின் கிராம உதவியாளர். கணவன் இறந்துவிட்டான். பத்தாவது படிக்கும் யாழினி, ஒரே மகள்.

சேலை என்ன நிறத்தில் இருந்திருக்கும் என்று யாராலும் சொல்ல முடியவில்லை.

இப்போது நீலம்.

இன்ஸ்பெக்டர் நஞ்சப்பன் குனிந்து வலது கையைப் பார்த்தார். மூன்று விரல்கள் நசுங்கியிருந்தன.

"விழறப்ப அடிபட்டிருக்குமுங்க சார்" என்றார் ஏட்டு.

"விழறவ விரல ஊனியாய்யா விழுவா? மேல ஏற வந்த கைய எவனோ மிதிச்சிருக்கான்."

"ஐயோ... சார்!"

"இன்னொண்ணு பாத்தியா? ரெண்டு வருசமா பூட்டிக் கெடக்கற பட்டறை. தொட்டில மட்டும் புதுத் தண்ணி!"

அவளோடு ஒரு கறுப்புக் குடையும் மேலே வந்தது. ஒரு கம்பி முறிந்து, துணி ஒரு பக்கம் தொங்கிப்போன குடை.

பிரிசில்லாவின் தம்பி ஜெபக்குமார் தொட்டி விளிம்பில் உட்கார்ந்திருந்தான். பனியன் கம்பெனியில் அயர்னிங் மாஸ்டர். அழுது முடித்திருந்தான்.

"வெள்ளிக்கெழம காணாமப் போனாங்கன்னு அன்னைக்கு ராத்திரியே ஸ்டேசனுக்கு வந்தனுங்க சார். ரெண்டு நாள் பாத்துட்டு வான்னு அனுப்பிட்டாங்க."

நஞ்சப்பன் ஏட்டைப் பார்த்தார். ஏட்டு மக்காச்சோளத்தைப் பார்த்தார்.

"யார் மேலயாச்சும் சந்தேகம் இருக்குதா தம்பி?"

"எங்க வி.ஏ.ஓ. மேலதானுங்க! இந்தப் பட்டறை திருட்டுத்தனமா ஓடுது, அவரு 'ஓடல'ன்னு ரிப்போர்ட் எழுதித் தர்றாருன்னு என்ற அக்கா சொல்லுச்சுங்க. பெரிய ஆபீசர்கிட்ட மனுக் குடுக்கப் போறேன்னும் சொல்லுச்சுங்க."

"குடுத்துச்சா?"

ஜெபக்குமார் அந்த நீலக் கையைக் காட்டினான்.

"எங்கீங்க சார் குடுக்க விட்டாங்க?"

*

"வாங்க வாங்க சார்! டீ சொல்லட்டுங்களா?"

கிராம நிர்வாக அலுவலர் தங்கதுரை. வயது ஐம்பத்தொன்பது. மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை. நெற்றியில் பளிச்சென்று விபூதி. குரலில் தேன்.

"டீ வேண்டாமுங்க" என்றார் நஞ்சப்பன். "போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் வந்திருச்சு. பதினாலாந்தேதி, வெள்ளிக்கெழம. மத்தியானம் தின்ன தக்காளிச் சோறு வயித்துல பாதிகூட செரிக்கல. ரெண்டரைக்கும் நாலரைக்கும் நடுவுல செத்திருக்கா. அப்ப நீங்க எங்கிருந்தீங்க?"

"இந்த நாற்காலிலதானுங்க."

"பாத்தவங்க?"

"மனுசன் பொய் சொல்லுவானுங்க சார். கம்ப்யூட்டர் சொல்லாதுங்க."

தங்கதுரை ஒரு காகிதத்தை நீட்டினார். அந்த வெள்ளிக்கிழமை இரண்டு மணியிலிருந்து ஐந்து மணி வரை, அந்த அலுவலகக் கம்ப்யூட்டரில் இருபத்து மூன்று சான்றிதழ்களுக்குப் பரிந்துரை போயிருந்தது. சாதி, வருமானம், இருப்பிடம், வாரிசு. ஒவ்வொன்றும் தங்கதுரையின் பாஸ்வேர்டில். ஏழெட்டு நிமிடத்துக்கு ஒன்று!

அவருடைய செல்போனும் அந்தக் கட்டடத்தை விட்டு ஓரடி நகரவில்லை என்று டவர் சொன்னது.

"பாஸ்வேர்டு வேற யாருக்காச்சும் தெரியுமுங்களா?"

"அரசாங்க ரகசியமுங்க! என்ற சம்சாரத்துக்கே தெரியாதுங்க."

"எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருவீங்களா?"

"எத்தனை காப்பி வேணுமுங்க?"

மூன்று காப்பி எழுதித் தந்தார். முத்து முத்தான கையெழுத்து.

நஞ்சப்பன் மூன்று மாதம் முட்டிப் பார்த்தார். சுவர் அசையவில்லை. பிறகு அவரையே உடுமலைப்பேட்டைக்கு அசைத்துவிட்டார்கள்.

பிரிசில்லாவின் பைல், 'சந்தேக மரணம்' என்ற பட்டையோடு அலமாரியின் அடித்தட்டில் படுத்துக்கொண்டது.

*

பதினொரு மாதம் கழித்து.

மாதத்தின் கடைசி நாள். தங்கதுரையின் அரசுப் பணிக்கும் கடைசி நாள்.

குன்னத்தூரில் ஒரு சின்ன மண்டபம். வாழைமரம். மைக். ஆளுயர மாலை. பதினொரு சால்வை. பின்கட்டில் மட்டன் பிரியாணி.

பந்தி நடக்கும் இடத்துக்கு ஜெபக்குமார் வந்து நின்றான். கையில் ஒரு மனு.

"சார்... யாழினிக்கு வாரிசு சான்றிதழுங்க. அது இருந்தாத்தான் அக்காவுக்கு வர்ற உதவித் தொகையெல்லாம் வருமுங்க. பதினோரு மாசமா நடக்கறனுங்க."

"அட, நம்ம ஜெபமா? சாப்பிட்டியா கண்ணு?"

"இல்லீங்க சார். ஒரே ஒரு பரிந்துரை. இன்னைக்கு சாயந்தரம் வரைக்கும் உங்களுக்கு அதிகாரம் இருக்குதுங்களே..."

"இருக்குது. ஆனா கை கழுவோணும். மறுக்கா கம்ப்யூட்டரத் தொறக்கோணும். நெம்ப வேலை கண்ணு." தங்கதுரை மனுவை வாங்கினார். "புதுசா வர்ற வி.ஏ.ஓ.கிட்ட மொதல்ல இருந்து குடு. போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் ஒரிஜினலோட."

"ஏற்கெனவே நாலு வாட்டி குடுத்துட்டனுங்க!"

"அஞ்சாவதா குடு!"

இலையில் எலும்பு வைக்க இடமில்லை. தங்கதுரை மனுவை நாலாக மடித்தார். இலைக்குப் பக்கத்தில் விரித்தார். கடித்த எலும்பை அதன் மேல் வைத்தார்.

ஜெபக்குமார் எலும்பை எடுத்து இலையில் வைத்துவிட்டு, மனுவைத் துடைத்து, சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போனான்.

நான்கு மணி.

கோட்டாட்சியர் அலுவலகத்திலிருந்து ஓர் ஆள் வந்தார். பழுப்பு உறை ஒன்றை நீட்டினார்.

தங்கதுரைக்குப் பெருமை பிடிபடவில்லை.

"பாத்தீங்களா! ஆர்.டி.ஓ. மேடமே வாழ்த்து அனுப்பியிருக்காங்க! ஏப்பா, அத மைக்ல படி. அல்லாரும் கேக்கட்டும்!"

வி.ஏ.ஓ. சங்கத்துச் செயலாளர் மைக்கைப் பிடித்தார். கணீரென்று படித்தார்.

"கோட்டாட்சியரின் செயல்முறைகள்... காரைப்பள்ளம் கிராம நிர்வாக அலுவலர் திரு. தங்கதுரை, சென்ற ஆண்டு ஜூன் பதினாலாம் நாள், பிற்பகல் மூன்று இருபது மணிக்கு, உயிருடன் இருக்கும் வெள்ளையன் என்பவரை இறந்துவிட்டதாகக் காட்டி, வாரிசுச் சான்றுக்குப் பரிந்துரை செய்து... ஏனுங்க... இது..."

"படிப்பா!"

"...மோசடி புரிந்துள்ளதால், பணியிடை நீக்கம் செய்யப்படுகிறார். அவர் ஓய்வு பெற அனுமதியில்லை!"

மைக் கீச்சென்று கத்தியது.

கைதட்டத் தயாராகத் தூக்கிய கைகள் அப்படியே நின்றன. ஒரே ஒரு குழந்தை மட்டும் பழக்கதோஷத்தில் தட்டியது.

*

கோட்டாட்சியர் தமிழ்மதி தலை நிமிராமல் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். முப்பத்து நான்கு வயது. தெற்கத்திப் பேச்சு. சிரித்து யாரும் பார்த்ததில்லை.

"மேடம், முப்பத்து மூணு வருச சர்வீசுங்க! ஒரு பிளாக் மார்க் கெடையாதுங்க! கடைசி நாள்ல இப்பிடிப் பண்ணிட்டீங்களே..."

"வெள்ளையன் சாமளாபுரத்துல தறி ஓட்டிக்கிட்டு இருக்காரு. போன மாசம் இங்க வந்தாரு. 'நான் செத்துட்டேன்னு எம் பங்காளிக எங்காட்டப் பிரிச்சுக்கிட்டானுக'ன்னு அழுதாரு. செத்தவரு அழுது நான் பார்த்தது இதுதான் முதல் தடவை."

"அது ஏதோ கை தவறி..."

"யார் கை?"

தங்கதுரை கைகளை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார்.

"உங்க பாஸ்வேர்டு. உங்க கம்ப்யூட்டர். மூணு இருபது. அமுக்குனது நீங்கதான?"

"மேடம்..."

"விசாரணை முடியிற வரைக்கும் பென்ஷன் இல்ல. பணிக்கொடை இல்ல. விசாரணை முடிய நாலு வருஷமும் ஆகலாம், எட்டு வருஷமும் ஆகலாம். மோசடி நிரூபணமானா டிஸ்மிஸ். பிறகு ஒண்ணுமே இல்ல."

"என்ற பொண்டாட்டி சக்கரை நோயாளிங்க மேடம்! பென்சன நம்பித்தான் ஊட்டுக்கு லோன் போட்டிருக்கறனுங்க!"

"நியாயம் வேணும்னா கோர்ட்டுக்குப் போங்க."

"ஐகோர்ட்டுக்கே போவனுங்க!"

"தாராளமா. ஆனா பணியிடை நீக்கத்துல இருக்கவங்க என் அனுமதி இல்லாம தலைமையிடத்தை விட்டு வெளிய போகக் கூடாது."

"கோர்ட்டுக்குப் போறதுக்கு அனுமதி குடுக்க மாட்டீங்களா?"

தமிழ்மதி மேஜை டிராயரைத் திறந்தார். ஒரு தாளை எடுத்து நீட்டினார்.

சென்னை செல்ல அனுமதி. ஏற்கெனவே டைப் அடித்து, கையெழுத்தும் போட்டு வைத்திருந்தார்!

தங்கதுரைக்கு ஆத்திரத்தில் அது உறைக்கவில்லை. உறைத்திருந்தால் இந்தக் கதை இங்கேயே முடிந்திருக்கும்.

*

சென்னை.

வக்கீல் பிரபாகர் பேனாவை மூடி மூடித் திறந்தார்.

"சுத்தி வளைக்காம பேசலாம் சார். மூணு இருபதுக்கு அந்தப் பட்டனை அமுக்குனது யாரு?"

"மணியன்னு ஒருத்தனுங்க. ஆபீஸ்ல ஒத்தாசைக்கு உக்காந்திருப்பானுங்க. எனக்குக் கம்ப்யூட்டர் நெம்ப வராதுங்க. பாஸ்வேர்டு அவன்கிட்டதான் இருக்கும்."

"அரசு ஊழியரா?"

"இல்லீங்க. நாந்தான் கையில ஏதாச்சும் குடுப்பனுங்க. பத்து வருசமா இருக்கறான்."

"எந்த ரிஜிஸ்டர்லயும் பேர் இல்ல?"

"இல்லீங்க."

"அப்ப விஷயம் சுலபம். மணியன் உங்க பாஸ்வேர்டைத் திருடிட்டான். உங்களுக்குத் தெரியாம மோசடி பண்ணிட்டான். சொல்லிடலாமா?"

"சொல்லிப் போடலாமுங்க."

பத்து வருடம் உடன் இருந்தவனை விற்க, பத்து விநாடிகூட ஆகவில்லை.

"அவன் உள்ள போவான், தெரியுமில்ல?"

"அவனுக்குப் பொண்டாட்டி புள்ளைக இருக்குதுங்க... இருந்தாப் போகுதுங்க. நீங்க எழுதுங்க."

பிரபாகர் எழுதினார். பிறகு நிமிர்ந்தார்.

"ஒரு கேள்விதான் பாக்கி. அந்த நேரத்துல நீங்க எங்க இருந்தீங்க?"

தங்கதுரையின் கையிலிருந்த காபி டம்ளர் நின்றது.

"அது... அவசியமுங்களா?"

"அதுதானே சார் கேஸே! நீங்க நாற்காலியில இல்லன்னு காட்டினாத்தான் மணியன் திருடினதா ஆகும். 'இல்ல'ன்னு வாயால சொன்னா ஜட்ஜ் சிரிப்பாரு. வேலை நேரத்துல வேற எங்கியோ, அரசாங்க வேலையா இருந்தேன்னு ஆதாரத்தோட காட்டணும். காட்டலன்னா அமுக்குனது நீங்கதான். பென்ஷனை மறந்துட்டு ஊருக்குப் போகலாம்."

"சித்தெ வெளிய போயிட்டு வர்றனுங்க."

வராந்தாவில் நின்றார்.

ஒரு பக்கம் பென்ஷன். பணிக்கொடை. பதினொரு சால்வையோடு பாதியில் நின்றுபோன மரியாதை.

இன்னொரு பக்கம்... தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு, "சார்... சார்... புள்ள இருக்குதுங்க சார்..." என்று கெஞ்சிய ஒரு கை. அதன் மேல் இறங்கிய அவருடைய செருப்புக் கால்.

யோசனை செய்தார்.

அந்த பைல் செத்துப் பத்து மாதமாகிறது. நஞ்சப்பன் உடுமலைப்பேட்டையில் காற்றாலை எண்ணிக்கொண்டிருப்பான். குன்னத்தூர் போலீஸ் பேப்பரே படிக்காது. சென்னையில் தினமும் ஆயிரம் மனு. சஸ்பெண்ட் ஆன ஒரு வி.ஏ.ஓ.வின் பிரமாணப் பத்திரத்தை எவன் படிக்கப் போகிறான்?

உள்ளே வந்தார். குரலில் பழைய தேன்.

"இலாகா குடுத்த டேப்லெட்டுல ஒரு போட்டோ இருக்குதுங்க. பயிர் கணக்கெடுப்புக்கு எடுத்தது. புல எண் இருநூத்திப் பன்னெண்டு, மக்காச்சோளக் காடு. அந்தப் பள்ளத்துல சிக்னல் இல்லீங்க. மேல அனுப்ப முடியாம டேப்லயே நின்னுபோச்சு. பீரோவுல கெடக்குது."

மறுவாரம் டேப் வந்தது. பிரபாகர் படத்தைத் திறந்தார். பச்சைப் பசேலென்று சோளத்தட்டு. கீழே வெள்ளை எழுத்தில் தேதி, இடம், நேரம்.

ஜூன் 14. பிற்பகல் 3.18!

பிரபாகர் துள்ளினார்.

"யோவ்... ஸாரி, சார்! பட்டன் அமுக்கினதுக்கு ரெண்டே ரெண்டு நிமிஷம் முன்னாடி! ஆபீசுல இருந்து எவ்வளவு தூரம்?"

"நாலு கிலோமீட்டருங்க."

"பறந்து போனாலும் முடியாது! இதை வெச்சுக்கிட்டா சார் இத்தனை நாள் அழுதீங்க?"

தங்கதுரை படத்தை ஒருமுறைக்கு இருமுறை பார்த்தார். சோளம். வெறும் சோளம். தொட்டி இல்லை. பட்டறை இல்லை. ஆள் இல்லை.

இரண்டரையிலிருந்து நாலரை வரை அந்தக் காட்டில் இருந்ததாகச் சொல்லும் பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். முத்து முத்தாக.

*

நீதிமன்றத்தில் வழக்கு ஆறே நிமிடம் நடந்தது.

பிரபாகர் மூன்று நிமிடம் முழங்கினார். டேப்பைக் காட்டினார். அரசு வழக்கறிஞர் எழுந்தார்.

"மனுதாரர் அன்று பிற்பகல் இரண்டரை முதல் நாலரை வரை, புல எண் 212-ல் இருந்தார் என்பதை அரசு மறுக்கவில்லை, மை லார்ட்."

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார்.

"மறுக்கலையா? அப்புறம் எதுக்கு சஸ்பெண்ட் பண்ணீங்க?"

"கோட்டாட்சியரின் பதில் மனுவிலேயே ஒப்புக்கொண்டிருக்கிறார், மை லார்ட். ஒரே ஒரு வேண்டுகோள். அந்த உண்மையைத் தீர்ப்பில் பதிவு செய்ய வேண்டும். டேப்பையும் ஆவணமாக எடுத்துக்கொள்ள வேண்டும்."

"வினோதமான அரசு!" என்றார் நீதிபதி. எழுதினார்.

பணியிடை நீக்கம் ரத்து! நான்கு வாரத்துக்குள் ஓய்வு பெற அனுமதித்து ஆணையிட வேண்டும்!

வெளியே வந்ததும் தங்கதுரை பிரபாகரின் கையைப் பிடித்து முத்தமே கொடுத்துவிட்டார்.

"என்னங்க வக்கீலய்யா, அந்தம்மா சத்தமே போடாம இப்பிடிப் பொட்டாட்டப் பணிஞ்சு போச்சு?"

பிரபாகர் மட்டும் நெற்றியைச் சொறிந்தார்.

"அதான் சார் எனக்கும் புரியல. இருபது வருஷத்துல, அரசாங்கம் இவ்வளவு ஆசையா தோத்து நான் பார்த்ததில்ல."

*

நான்காம் நாள். காலை பதினொரு மணி.

தங்கதுரை கோட்டாட்சியர் அறைக்குள் நுழைந்தார். தோளில் அந்தப் பதினொரு சால்வைகளில் ஒன்று. ஒரு கையில் தீர்ப்பு நகல். இன்னொரு கையில் ஒரு கிலோ ஜாங்கிரி.

"மேடம், மொதல்ல இனிப்பு எடுத்துக்குங்க! ஓய்வு ஆர்டர எப்ப டைப் அடிக்கறீங்க?"

"உட்காருங்க தங்கதுரை."

உட்கார்ந்தார். அப்போதுதான் பக்கத்து நாற்காலியைப் பார்த்தார்.

நஞ்சப்பன்!

"ந... நல்லா இருக்கறீங்களா சார்? உடுமலைல..."

"போன வாரம் மறுக்கா இங்கியே மாத்தல் வாங்கிட்டு வந்துட்டனுங்க. உங்க மேல அவ்வளவு பிரியம்!"

நஞ்சப்பன் மேஜை மேல் இரண்டு காகிதங்களை அருகருகே வைத்தார்.

"இது போன வருசம் நீங்க எனக்கு எழுதித் தந்தது. 'ஜூன் பதினாலு, ரெண்டு மணியிலிருந்து அஞ்சு மணி வரைக்கும் ஆபீஸ் நாற்காலிய விட்டு எந்திரிக்கல.' இது நீங்க கோர்ட்ல சத்தியம் பண்ணிக் குடுத்தது. 'ரெண்டரையிலிருந்து நாலரை வரைக்கும் புல எண் இருநூத்திப் பன்னெண்டுல இருந்தேன்.' ரெண்டுலயும் அதே கையெழுத்து. முத்து முத்தா!"

ஜாங்கிரி டப்பா நழுவிக் கீழே விழுந்தது.

"புல எண் இருநூத்திப் பன்னெண்டுக்கு அடுத்த வேலி என்னங்க?" என்றார் நஞ்சப்பன். "அந்தச் சாயப்பட்டறைத் தொட்டிதானுங்களே!"

"நா... நான் காட்டுலதான் இருந்தனுங்க! தொட்டிப் பக்கம் போகவே இல்லீங்க! அவள நான் அன்னைக்குப் பாக்கவே இல்லீங்க! நான் ஒண்டியாத்தான் போனனுங்க!"

"ஒண்டியாவா?"

"சத்தியமாங்க!"

நஞ்சப்பன் ஒரு படத்தை எடுத்தார். தங்கதுரையின் அதே படம். சுவர் காலண்டர் அளவுக்குப் பெரிதாக்கியிருந்தார்கள்.

"மூணே காலுக்கு வெயில் மேக்கால சாஞ்சிருக்கும். நீங்க கெழக்க பாத்துப் படம் எடுத்திருக்கறீங்க. கீழ வரப்பப் பாருங்க. நெழல் உழுகுதுங்களா?"

தங்கதுரை பார்த்தார்.

சோளத்தட்டுக்கு முன்னால், செம்மண் வரப்பில், நீளமாக ஒரு நிழல். இரண்டு கையையும் தூக்கி டேப்பைப் பிடித்திருக்கும் ஓர் ஆளின் நிழல்.

அதன் பக்கத்தில்... இன்னொரு நிழல்!

ஒரு பெண். தலைக்கு மேல் குடை. ஒரு கம்பி முறிந்து, துணி ஒரு பக்கம் தொங்கிப்போன குடை!

"நீங்க சோளத்த மட்டும்தான் பாத்தீங்க" என்றார் நஞ்சப்பன். "அந்தக் குடை எங்ககிட்ட ஒரு வருசமா இருக்குதுங்க. இன்னும் நீலமாத்தான் இருக்குது."

"இது... இது செல்லாதுங்க..."

"மணியா, உள்ள வாப்பா!"

கதவு திறந்தது. மணியன் வந்தான். நாற்பத்தைந்து வயது. கலைந்த தலை. கண்ணில் நெருப்பு.

"அன்னைக்கு மத்தியானம் பூரா நாந்தானுங்க கம்ப்யூட்டர்ல இருந்தேன். செல்போன என்ற மேசையிலயே வெச்சுட்டுப் போன இவரு அஞ்சேகாலுக்கு வந்தாரு. பேண்ட்டு முட்டி வரைக்கும் நீலம். 'சாயத் தண்ணில கால வெச்சுட்டேன், யாருகிட்டயும் சொல்லாத, நீ பாஸ்வேர்ட தொட்டது தெரிஞ்சா உனக்குத்தான் ஜெயிலு'ன்னாரு. பயந்துபோய் வாயத் தொறக்கலீங்க."

"மணியா! நன்றி கெட்டவனே!"

"பத்து வருசம் உங்க எச்சி டம்ளரு கழுவுனதுக்கு கோர்ட்ல என்னையத் திருடன்னு எழுதி வெச்சீங்க பாருங்க, அதுக்கு இதுதானுங்க நன்றி!"

தங்கதுரை தமிழ்மதியின் பக்கம் திரும்பினார்.

"நீங்க... வேணும்னே... அந்த வெள்ளையன் கேஸ்..."

"வெள்ளையன் கேஸ் நிஜம்தான். உங்க முப்பத்து மூணு வருஷத்துல உங்களை சஸ்பெண்ட் பண்ண நூறு காரணம் கிடைச்சுது. நான் அந்த மூணு இருபதை மட்டும் எடுத்துக்கிட்டேன்."

"அப்பவே தெரியுமுங்களா?"

"மீட்டிங்ல ஒரு தடவை உங்களை லாகின் பண்ணச் சொன்னேன், ஞாபகம் இருக்கா? ஒத்தை விரலால குத்திக் குத்தி இருபது நிமிஷம். அந்த விரல் மூணு மணி நேரத்துல இருபத்து மூணு சான்றிதழ் அமுக்காது. ஆனா அதை நான் சொன்னா ஊகம். நீங்க சொன்னாத்தான் சாட்சி!"

"அப்ப ஏனுங்க பதினோரு மாசம்..."

"முன்னாடியே சஸ்பெண்ட் பண்ணியிருந்தா பாதிச் சம்பளத்தை வாங்கிக்கிட்டு வீட்ல படுத்திருப்பீங்க. கடைசி நாள்ல பென்ஷனைப் பிடிச்சாத்தான் ஓடுவீங்க. ஓடுனீங்க. சத்தியம் பண்ணி, ஆதாரத்தோட, நீங்களே அந்தத் தொட்டிகிட்டக் கொண்டுபோய் நின்னீங்க. நான் தோத்துக் குடுத்தேன். கோர்ட்டும் பதிவு பண்ணிடுச்சு."

தமிழ்மதி முதல்முறையாகக் குரலைத் தாழ்த்தினார்.

"அந்தப் பதினாலாம் தேதி காலைல பிரிசில்லா எனக்கு போன் பண்ணா. 'மேடம், சாயப்பட்டறை விஷயமா ஒரு மனு, நேர்ல வரட்டுமா'ன்னு கேட்டா. நான் வேலைக்கு வந்து பத்து நாள்தான் ஆச்சு. சட்டமா பேசுனேன். 'முறைப்படி உங்க வி.ஏ.ஓ. மூலமா வாம்மா'ன்னு சொன்னேன்."

தங்கதுரை தலை கவிழ்ந்தார்.

"அவ முறைப்படி உங்ககிட்ட அனுமதி கேக்க வந்தா. இல்லையா?"

தங்கதுரை சால்வை நுனியை முறுக்கினார்.

"'மத்தியானம் காட்டுக்கு வா, பேசிக்கலாம்'னு கூட்டிக்கிட்டுப் போனீங்க. இல்லையா?"

தமிழ்மதி அவர் கையிலிருந்த தீர்ப்பு நகலை வாங்கி மேஜையில் வைத்தார்.

"நான் பண்ண தப்புக்கு எனக்கு மெமோ குடுக்க எந்த விதியும் இல்ல தங்கதுரை. அதான் அதை உங்க கணக்குல சேர்த்துட்டேன்."

நஞ்சப்பன் எழுந்தார். தங்கதுரையின் தோளிலிருந்த சால்வையை எடுத்து, மடித்து, நாற்காலியில் வைத்தார். விலங்கை எடுத்தார்.

வாசலில் ஜெபக்குமார் நின்றிருந்தான். பக்கத்தில் யாழினி. அவள் கையில், ஒரு ஓரத்தில் எண்ணெய்க் கறை படிந்த மனு. அதன் மேல் நேற்றைய தேதியில் கோட்டாட்சியரின் கையெழுத்து.

யாழினி அவரைப் பார்த்தாள். திட்டவில்லை. அழவில்லை.

"மாமா, இவருதானா?" என்றாள்.

"ஆமா கண்ணு."

"சின்னதா இருக்காரு."

அந்த ஒரு வார்த்தைக்குத்தான் தங்கதுரை மறுபடி அறைக்குள் திரும்பப் பார்த்தார். நஞ்சப்பன் பிடித்து நிறுத்தினார்.

"ஏனுங்க மேடம், ஒரு சந்தேகமுங்க. கோர்ட்டு ஆர்டர்படி இவரு இப்ப சர்வீஸ்ல இருக்கறாருங்களா?"

"இருக்காரு. நாளன்னைக்கு வரைக்கும். நாற்பத்தெட்டு மணி நேரத்துக்கு மேல காவல்ல இருந்தா, விதிப்படி தானா மறுபடி சஸ்பென்ஷன்."

தமிழ்மதி பேனாவை எடுத்தார். அடுத்த பைலைத் திறந்தார். தலை நிமிராமலே சொன்னார்.

"அதை எதிர்த்தும் நீங்க கோர்ட்டுக்குப் போகலாம் தங்கதுரை. இந்தத் தடவை சுலபம்... மூணு இருபதுக்கு எங்க இருந்தீங்கன்னு கேட்டா, ஜெயிலரே கையெழுத்துப் போட்டுத் தருவாரு!"